ஆண்டில் ஒரு நாள் திறக்கும் மலை: கம்பம் பள்ளத்தாக்கின் தொல்லியலும் ஆவணப்படமும்

தேனி மாவட்டத்தின் தென்மேற்கு மூலையில், குமுளி மலைச்சாலை ஏறத் தொடங்கும் அடிவாரத்தில் உள்ள லோயர் கேம்ப், பெரியாற்றுத் தண்ணீர் குழாய்கள் வழியே இறங்கி மின்சாரமாகும் இடமாகவும், பெரியாற்று அணையைக் கட்டிய பொறியாளர் பென்னிகுவிக்குக்கு 2013 சனவரியில் திறக்கப்பட்ட மணிமண்டபம் அமைந்த இடமாகவும் மட்டுமே வெளியூர்க்காரர்களுக்கு அறிமுகமாகியுள்ளது. ஆனால் இந்தச் சிற்றூரில் நின்று கிழக்கே கூடலூர், கம்பம், உத்தமபாளையம், சின்னமனூர் என நீளும் பள்ளத்தாக்கைப் பார்ப்பவர், சங்க காலம் முதல் ஆங்கிலேயர் காலம் வரையிலான தமிழக வரலாற்றின் சான்றுகள் அடுக்கடுக்காகக் கிடக்கும் ஒரு நிலத்தைப் பார்க்கிறார். அந்தச் சான்றுகளில் பெரும்பாலானவற்றை இப்பள்ளத்தாக்கின் மக்களே நேரில் கண்டதில்லை என்பதும், காண்பதற்கான வழி எளிதாக இல்லை என்பதும், கண்டாலும் அவற்றைப் படித்துப் பொருள் கொள்ள உதவுவார் அருகில் இல்லை என்பதும் கவனத்துக்குரியவை.

தொல்லியல் என்பது மனிதர் விட்டுச்சென்ற பொருள்களையும், கட்டடங்களையும், எழுத்துகளையும், அவை கிடக்கும் மண்ணோடும் இடத்தோடும் சேர்த்து ஆராய்ந்து, கடந்த கால வாழ்க்கையை மீட்டுருவாக்கும் துறை. அதன் முடிவுகள் அகழாய்வு அறிக்கைகளாகவும் ஆய்விதழ்க் கட்டுரைகளாகவும் வெளிவருகின்றன. அவற்றின் நடையும் கலைச்சொற்களும் அத்துறைக்குள் இருப்பவர்களுக்கானவை. ஆவணப்படம் என்பது உண்மையான இடங்களையும் ஆட்களையும் செயல்களையும் பதிவு செய்து, ஒரு கருத்தோட்டத்தில் கோத்துத் தரும் படம். அறிக்கைக்கும் ஊர் மக்களுக்கும் நடுவிலுள்ள தொலைவை அது எந்த அளவு குறைக்க முடியும், எப்படிச் செய்தால் குறைக்கும், எப்படிச் செய்தால் கூட்டிவிடும் என்னும் கேள்விகள், கம்பம் பள்ளத்தாக்கைப் போன்ற பகுதிக்கு வெறும் ஊடக இயல் கேள்விகள் அல்ல.

லோயர் கேம்பை ஒட்டிய பளியங்குடியிலிருந்து காட்டுப்பாதையில் ஏறினால் மங்கலதேவி மலையின் உச்சியில் சிதைந்து நிற்கும் கற்கோயிலை அடையலாம். தமிழக–கேரள எல்லையில், பெரியார் புலிகள் காப்பகத்தை ஒட்டி இருப்பதால், பொதுமக்கள் அங்கே செல்ல அனுமதிக்கப்படுவது ஆண்டில் ஒரே நாள், சித்திரை முழுநிலவு நாள் மட்டுமே. அன்று இரு மாநில அதிகாரிகளின் கண்காணிப்பில், குமுளி வழியாக ஜீப்பிலும் பளியங்குடி வழியாகக் கால்நடையாகவும் மக்கள் திரண்டு ஏறுகிறார்கள். மாலைக்குள் இறங்கிவிட வேண்டும். உத்தமபாளையத்தில் கருப்பணசாமி பாறை என்று மக்கள் வழங்கும் பாறையில் சமணத் தீர்த்தங்கரர்களின் புடைப்புச் சிற்பங்கள் வரிசையாக உள்ளன. அவற்றின் அடியில் உள்ள வட்டெழுத்தை, அதாவது பாண்டிய நாட்டிலும் சேர நாட்டிலும் பல நூற்றாண்டுகள் வழங்கிப் பின் மறைந்துபோன வளைகோட்டு எழுத்தை, பாறையருகே வாழ்வோர் படிக்க இயலாது. சின்னமனூரில் கிடைத்த பாண்டியர் செப்பேடுகளுள் பெரியது, மூன்றாம் இராசசிம்மன் காலத்தது. பாண்டியர் மகாபாரதத்தைத் தமிழ்ப்படுத்தியதையும் மதுரையில் சங்கம் வைத்ததையும் குறிப்பிடும் அந்த ஆவணம் தமிழ் இலக்கிய வரலாற்று நூல்கள் பலவற்றிலும் பேசப்படுகிறது. ஆனால் ஊரின் பெயரைத் தாங்கிய அந்தச் செப்பேடு எப்படி இருக்கும் என்று சின்னமனூர்ச் சந்தையில் கேட்டால் விடை கிடைப்பது அரிது.

ஒன்று மலை உச்சியில் பூட்டிக் கிடக்கிறது, ஒன்று கண்முன் இருந்தும் வாசிக்க முடியாமல் கிடக்கிறது, ஒன்று ஊரை விட்டே போய்விட்டது. இந்த மூன்று தடைகளையும் ஒருசேரக் கடக்கும் வாய்ப்பு நகரும் படத்துக்கு உண்டு என்பதே இக்கட்டுரையின் அடிப்படை.

ஏழு சொற்களில் ஒரு போர்

தேனி மாவட்டம் ஆண்டிபட்டி வட்டத்தில், வைகைக் கரையில் உள்ள புலிமான்கோம்பையில் 2006-ஆம் ஆண்டு, தஞ்சாவூர்த் தமிழ்ப் பல்கலைக்கழகத்தின் பேராசிரியர் கா. ராஜன் தலைமையிலான ஆய்வுக் குழு மூன்று நடுகற்களைக் கண்டறிந்தது. நடுகல் என்பது போரிலோ, ஆநிரை கவர்தலிலோ, ஆநிரை மீட்டலிலோ உயிர்நீத்த வீரனுக்காக நட்டு வழிபடப்பட்ட கல். சங்கப் பாடல்கள் பெயரும் பீடும் எழுதிய நடுகற்களைப் பற்றிப் பேசிக்கொண்டே இருந்தாலும், அவ்வளவு பழமையான எழுத்துடைய நடுகல் அதுவரை மண்ணில் கிடைக்காமல் இருந்தது. புலிமான்கோம்பைக் கற்களில் இருந்தது தமிழி எழுத்து. தமிழ்ப் பிராமி என்றும் வழங்கப்படும் அது, தமிழை எழுதப் பயன்பட்ட எழுத்துகளுள் நமக்குக் கிடைத்தவற்றில் மிகப் பழையது. இலக்கியம் சொன்னதற்குக் கல் சான்றளித்த நிகழ்வுகளுள் இதற்கு ஈடானவை சிலவே.

மூன்று கற்களுள் ஒன்றின் வாசகம் 'கல் பேடு தீயன் அந்தவன் கூடல் ஊர் ஆகோள்' என்பது. பிரித்துப் படித்தால் ஏழே சொற்கள். கூடல் ஊரில் நடந்த ஆகோளில் இறந்த, பேடு என்னும் ஊரைச் சேர்ந்த தீயன் அந்தவனின் கல் என்று ஆய்வாளர் இதற்குப் பொருள் கொள்கின்றனர். ஆகோள் என்பது பகைவர் நாட்டு ஆநிரையைக் கவர்ந்து கொள்ளுதல். தொல்காப்பியம் வெட்சித் திணையில் வைத்துச் சொல்லும் அதே சொல். இலக்கணச் சொல் என்று மாணவர்கள் மனப்பாடம் செய்துவந்த ஒன்று, உண்மையில் ஒரு மனிதனின் சாவுக்குக் காரணமாக இருந்து, அவன் நினைவுக் கல்லில் வெட்டப்பட்டிருக்கிறது. மேலும், அக்கல் சொல்லும் கூடல் ஊர் கம்பம் பள்ளத்தாக்கின் இன்றைய கூடலூராக இருக்கலாம் என்ற கருத்தும் ஆய்வாளரிடையே உண்டு. அதாவது, லோயர் கேம்புக்குப் போகும் பேருந்துகளின் பெயர்ப்பலகையில் நாள்தோறும் காணப்படும் ஊர்ப்பெயர், இரண்டாயிரம் ஆண்டுகளுக்கும் மேலாக ஒரு கல்லில் காத்திருந்திருக்கக்கூடும்.

இந்த ஒரு கல்லை அச்சுக் கட்டுரை எப்படித் தரும் என்பதையும் படம் எப்படித் தர முடியும் என்பதையும் ஒப்பிட்டுப் பார்க்கலாம். அச்சில் வருவது வாசகமும், அதன் பொருளும், கருப்பு வெள்ளையில் ஒரு படமும். கல்வெட்டை மைப்படி எடுக்கும் செயலையோ ஒரு கேமரா தொடக்கம் முதல் முடிவு வரை பின்தொடர முடியும். கல்லின் மீதுள்ள மண்ணையும் பாசியையும் நீரால் கழுவி, நனைத்த தாளை அதன் மேல் விரித்து, நார்த் தூரிகையால் மெல்லத் தட்டத் தட்டத் தாள் எழுத்தின் பள்ளங்களுக்குள் அமிழ்கிறது. பின் மையொற்றியால் கருமையை ஒற்றும்போது, கல்லின் மேடுகள் கறுத்து, எழுத்துகள் மட்டும் வெள்ளைக் கோடுகளாக எழும்புகின்றன. ஒன்றுமில்லாத கல் என்று கடந்துபோன ஒருவர், அந்தச் சில நிமிடங்களில் 'அ' என்னும் எழுத்தின் பழைய வடிவம் தம் கண்முன் பிறப்பதைப் பார்ப்பார். சாய்வொளி என்னும் மற்றோர் உத்தியும் அப்படியே: இருட்டிய பின் கல்லின் பக்கவாட்டில் கைவிளக்கைப் பிடித்தால், உச்சி வெயிலில் தட்டையாகத் தெரிந்த பரப்பில் நிழல்கள் விழுந்து எழுத்துகள் தெரியத் தொடங்கும். உத்தமபாளையத்துப் பாறையின் வட்டெழுத்தை இவ்வாறு ஒரு மாலை முழுவதும் படம் பிடித்தால், கல்வெட்டியல் என்பது என்ன என்று தனியாக விளக்க வேண்டிய தேவையே எழாது.

அதற்கு அப்பாலும் படம் செல்ல முடியும். ஆநிரை கவர்தலில் மாண்டவனின் கல் கிடைத்த தேனி மாவட்டத்தில், மலை மாடுகள் எனப்படும் நாட்டினத்தை மந்தையாக மேய்த்துக் கிடை போடும் குடும்பங்கள் இன்றும் உள்ளன. கம்பத்தில் தம்பிரான் மாட்டுத் தொழுவில் மாடுகளே வழிபாட்டுக்கு உரியவையாக நிற்கின்றன. அந்தவன் காலத்து மாடும் இன்றைய மாடும் ஒன்று என்று சொல்லுவது பிழை. ஆனால் மாட்டைச் செல்வமாகக் கருதும் ஒரு சமூகத்தில் நூறு மாடுகள் களவு போனால் அது எத்தகைய இழப்பு என்பதை ஒரு கிடைக்காரரின் வாயால் கேட்கும்போது, ஆகோள் என்ற சொல்லின் கனம் பார்வையாளருக்கு விளங்கிவிடும். பண்டைய பொருளையும் வாழும் மக்களின் பட்டறிவையும் அருகருகே வைத்து ஆராய்வதை இனவரைவியல் தொல்லியல் என்பர். அச்சில் அடிக்குறிப்பாக ஒடுங்கிப்போகும் அந்த முறை, திரையில் நடுவிடத்துக்கு வந்துவிடும்.

அரிக்கமேட்டிலிருந்து தொலைக்காட்சிக்கு

தொல்லியலைத் திரைக்குக் கொண்டுவந்த வரலாற்றில் தமிழ் மண்ணுக்கு ஒரு மறைமுகப் பங்கு உண்டு. 1944 முதல் 1948 வரை இந்தியத் தொல்லியல் துறையின் தலைமை இயக்குநராக இருந்த மார்ட்டிமர் வீலர், 1945-இல் புதுச்சேரியை அடுத்த அரிக்கமேட்டில் அகழாய்வு செய்தார். நிலத்தைச் சதுரங்களாகப் பிரித்து, சதுரங்களுக்கு நடுவே வயல் வரப்பு போல மண்சுவரை விட்டுவிட்டுத் தோண்டும் அவருடைய முறையில், அந்தச் சுவரின் முகத்தில் மண்ணடுக்குகள் ஒன்றன்மேல் ஒன்றாகத் தெரியும். கீழடுக்கு முந்தியது, மேலடுக்கு பிந்தியது; ஆகவே எந்த அடுக்கில் எது கிடைத்தது என்பதே அதன் காலத்துக்கு முதல் சாட்சி. காலம் உறுதியாகத் தெரிந்த இத்தாலிய மட்கலத் துண்டுகள் அரிக்கமேட்டு அடுக்குகளில் கிடைத்ததால், அவற்றோடு சேர்ந்து கிடைத்த உள்ளூர்ப் பானைகளின் காலத்தையும் கணிக்க முடிந்தது. தென்னிந்தியத் தொல்லியலின் காலவரிசைக்கு அது ஓர் ஊன்றுகோல் ஆயிற்று.

அதே வீலர், இங்கிலாந்து திரும்பிய பின், 1952-இல் பி.பி.சி. தொடங்கிய ஒரு வினாடி வினா நிகழ்ச்சியில் பங்கேற்றார். அருங்காட்சியகப் பொருள் ஒன்றைக் கையில் கொடுத்து, அது என்ன, எங்கிருந்து வந்தது, எக்காலத்தது என்று அறிஞர்களைக் கேட்பதே அந்நிகழ்ச்சி. அறிஞர் ஒருவர் பொருளைத் திருப்பிப் பார்த்து, தடவிப் பார்த்து, தயங்கி, ஒரு முடிவுக்கு வருவதை இலட்சக்கணக்கானோர் வீட்டிலிருந்தே பார்த்தனர். 1954-இல் அந்நாட்டின் ஆண்டின் சிறந்த தொலைக்காட்சி ஆளுமையாக வீலர் தேர்வானார். மக்கள் விரும்பிப் பார்த்தது விடையை மட்டும் அன்று, விடைக்குப் போகும் வழியையும்தான்.

பின்னர் நேர்ந்த ஒரு சறுக்கலும் இங்கே நினைக்கத் தக்கது. 1968-இல் இங்கிலாந்தின் சில்பரி குன்று என்னும் மாபெரும் மண்மேட்டினுள் சுரங்கம் வெட்டி ஆராய்ந்த பணியை பி.பி.சி. தானே பொருளுதவி செய்து ஒளிபரப்பியது. உள்ளே மன்னனின் சமாதியும் செல்வமும் இருக்கும் என்ற எதிர்பார்ப்பு வளர்ந்திருந்தது. கிடைத்ததோ, நாலாயிரம் ஆண்டுக்கு மேலாக வாடாமல் மண்ணுள் பாதுகாக்கப்பட்டிருந்த புல்லும் பூச்சிகளும். ஒரு பழங்கால நிலத்தின் சூழலைச் சொல்லும் அரிய சான்றுகள் அவை. ஆனால் புதையலுக்காகக் காத்திருந்த பார்வையாளருக்கு அது தோல்வியாகவே பட்டது. இதற்கு மாறாக, 1994 முதல் இருபது ஆண்டுகள் ஒளிபரப்பான 'டைம் டீம்' என்னும் பிரித்தானியத் தொடர், மூன்றே நாளில் ஓரிடத்தை ஆராய்வது என்ற வரையறைக்குள், வெறுங்குழிகளையும், தவறிய ஊகங்களையும், ஆய்வாளருக்குள் நடக்கும் கருத்து வேறுபாடுகளையும் மறைக்காமல் காட்டி, அதனாலேயே மக்களின் நம்பிக்கையைப் பெற்றது.

தமிழகத்திலும் இம்முயற்சிக்கு முன்னோடிகள் உண்டு. மாநிலத் தொல்லியல் துறையை நெடுங்காலம் தலைமையேற்று நடத்திய இரா. நாகசாமி, எளிய விலையில் சட்டைப்பைக்குள் அடங்கும் கையேடுகளை வெளியிட்டார். பள்ளி மாணவர்களைத் தொல்சின்னப் பாதுகாப்பில் ஈடுபடுத்தினார். மதுரைத் திருமலை நாயக்கர் மகாலின் முற்றத்தில் ஒலியாலும் ஒளியாலும் சிலப்பதிகாரக் கதை சொல்லப்படும் காட்சியை எத்தனையோ பள்ளிச் சுற்றுலாக்கள் கண்டிருக்கின்றன. கண்ணகியின் நடை முடிந்த மலை என்று நம்பப்படும் மங்கலதேவியிலோ ஒரு விளக்கப் படமும் இல்லை. செருமனியிலிருந்து இயங்கும் க. சுபாஷிணியின் தமிழ் மரபு அறக்கட்டளை, ஊர் ஊராகச் சென்று எடுத்த காணொளிப் பதிவுகளை 'மண்ணின் குரல்' என்ற பெயரில் இணையத்தில் வெளியிட்டு வருகிறது. பெருஞ்செலவு இல்லாமலும் பொறுப்பான பதிவு இயலும் என்பதற்கு அது எடுத்துக்காட்டு.

எண்கள் முழக்கமாகும்போது

மங்கலதேவி மலையடிவாரம் தொடங்கிச் சின்னமனூர் தாண்டி ஓடும் முல்லையாற்று நீர் வைகையில் கலக்கிறது. வைகை மதுரையைக் கடந்ததும் கீழடி வருகிறது. கீழடியைத் தந்த தேடலும் வைகையை முழுமையாகப் பார்த்த ஒரு தேடலே. இந்தியத் தொல்லியல் துறையின் அமர்நாத் ராமகிருஷ்ணா தலைமையிலான குழு, அகழாய்வுக்கு முன் வைகையின் இரு கரைகளிலும் களஆய்வு செய்து 293 தொல்லியல் இடங்களைக் கண்டறிந்தது. அவற்றுள் ஒன்றே 2014-இல் அகழத் தொடங்கிய கீழடி. மற்ற 292 இடங்களும் என்ன ஆயின என்ற கேள்வி, கீழடியைக் கொண்டாடும் காணொளிகளில் எழுவது அரிது. தேனி மாவட்டத்துக்கு அந்தக் கேள்வியே முதன்மையானது.

கீழடி, தொல்லியலைத் தமிழர் வீட்டுப் பேச்சாக ஆக்கியது. 2018 முதல் மாநிலத் தொல்லியல் துறை பணியைத் தொடர, அகழாய்வுக் குழிகளைப் பார்க்கக் குடும்பம் குடும்பமாக மக்கள் வந்தனர். 2023 மார்ச் 5 அன்று பதினெட்டுக் கோடி ரூபாய்க்கு மேற்பட்ட செலவில் அமைந்த அருங்காட்சியகம் திறக்கப்பட்டது. இந்த மலர்ச்சியில் செய்தித்தாளுக்கும் தொலைக்காட்சிக்கும் காணொளித் தடங்களுக்கும் பெரும்பங்கு உண்டு. அதை மறுப்பது நன்றியின்மை. ஆயினும் கி.மு. 580 என்ற எண் எப்படிப் பரவியது என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும். நான்காம் கட்ட அகழாய்வில் 353 செ.மீ. ஆழத்தில் எடுத்த ஒரு கரிம மாதிரியை அமெரிக்காவின் ஃபுளோரிடாவில் உள்ள ஆய்வகத்துக்கு அனுப்பி, உயிருள்ள பொருள் இறந்த பின் அதில் குறைந்துகொண்டே வரும் கதிரியக்கக் கார்பனை முடுக்கி நிறை நிறமாலைமானியால் அளந்து பெற்ற காலம் அது. அதே பருவத்தில் அனுப்பிய மற்ற மாதிரிகள் அடுத்தடுத்த நூற்றாண்டுகளைக் காட்டின. அவை எடுக்கப்பட்ட ஆழங்களும் வேறு. ஆழமும் அடுக்கும் மாதிரியும் நீங்கி எண் மட்டும் பரவும்போது, அது சான்றாக இருப்பதை விட்டு முழக்கமாகிவிடுகிறது. முழக்கத்தை எதிர்முழக்கத்தால் மறுக்கவும் எளிதாகிவிடுகிறது. ஆழத்தை அளக்கும் நாடாவையும், கரித்துண்டைக் கைபடாமல் எடுத்துப் பொதியும் விதத்தையும், ஆய்வகம் தரும் விடையில் பிழை வரம்பு என ஒன்று இருப்பதையும் ஐந்து நிமிடம் காட்டும் படம், எதிர்ப்பாளரின் வாதத்துக்கு அறிக்கையை விடவும் உறுதியாக விடை சொல்லும்.

ஆண்டிபட்டிக் கணவாயைத் தாண்டினால் வரும் உசிலம்பட்டிப் பகுதியின் சிற்றூர் ஒன்று, உலகெங்கும் ஒளிபரப்பான படங்களில் இடம்பெற்றது. மரபணு ஆய்வாளர் ஸ்பென்சர் வெல்ஸ் வழங்கிய 'மனிதனின் பயணம்' என்னும் பொருள்படும் ஆவணப்படமும், 2007-இல் பி.பி.சி.க்காக மைக்கேல் வுட் வழங்கிய இந்திய வரலாற்றுத் தொடரும் அவை. ஆப்பிரிக்காவிலிருந்து கடலோரமாக ஆஸ்திரேலியாவுக்குச் சென்ற ஆதி மனிதரின் தடத்தை, மதுரை காமராசர் பல்கலைக்கழகப் பேராசிரியர் இராமசாமி பிச்சப்பனின் ஆய்வு வழியாக, அவ்வூர் இளைஞர் ஒருவரின் மரபணுவில் கண்டதாக அவை கூறின. தமிழ்ச் சிற்றூர் ஒன்று மனித குல வரலாற்றின் நடுவே வைக்கப்பட்டது மகிழ்ச்சிக்குரியதே. ஆனால் அந்த மரபணுக் குறியீடு சொல்வது தந்தை, தந்தையின் தந்தை என்று செல்லும் ஒரே ஒரு வழியை மட்டும். பத்துத் தலைமுறைக்கு முன் ஒருவருக்கு இருந்திருக்கக்கூடிய ஆயிரத்துக்கு மேற்பட்ட முன்னோருள் ஒருவரின் கதையே அது. இந்த வரம்பு திரையில் மங்கி, ஓர் ஆளின் முகமே சான்று என்னும் தோற்றம் மிஞ்சியது. படத்தின் அழகே அதன் இடர் என்பதற்கு, நம் வாசலிலேயே நிகழ்ந்த எடுத்துக்காட்டு இது.

இதைவிடப் பெரிய இடர், ஆய்வே இல்லாமல் எடுக்கப்படும் படங்கள். 2022-இல் நெட்ஃபிளிக்ஸில் வெளிவந்த, அழிந்துபோன பேரறிவு நாகரிகம் ஒன்றைப் பற்றிய தொடரை, ஆவணப்படம் என்ற வகையிலிருந்து நீக்கி அறிவியல் புனைவாக வகைப்படுத்துமாறு அமெரிக்கத் தொல்லியல் சங்கம் அந்நிறுவனத்தை எழுத்து மூலம் கேட்டுக்கொண்டது. குமரிக்கண்டம், இராட்சத எலும்புக்கூடு என்று தமிழில் நாள்தோறும் பகிரப்படும் காணொளிகள் அதே இனத்தவை. அவற்றைப் பார்த்து வளரும் பிள்ளைக்கு, புலிமான்கோம்பையின் ஏழு சொற்கள் சிறியவையாகத் தோன்றும். உண்மையான தொன்மையைப் பொய்யான தொன்மை விழுங்கும் இந்த நிலை, தமிழின் பெருமை பேசுவோர் முதலில் வருந்த வேண்டிய ஒன்று.

கண்ணகி மலையும் பெரியாற்று அணையும்

மங்கலதேவிக் கோயில், சேரன் செங்குட்டுவன் கண்ணகிக்கு எடுத்ததாகச் சிலப்பதிகாரம் கூறும் கோட்டமே என்று 1963-இல் அடையாளம் காட்டியவர் பேராசிரியர் சி. கோவிந்தராசனார். பூம்புகாரிலிருந்து கண்ணகியும் கோவலனும் சென்றதாகக் காப்பியம் சொல்லும் வழியைத் தாமே நடந்து தேடி, இறுதியில் இந்த மலையை அடைந்த அவரது உழைப்பு ஒரு தனிப்படத்துக்கு உரியது. இன்று காணப்படும் கட்டுமானமும் கல்வெட்டுகளும் இடைக்காலத்தவை என்பதும், செங்குட்டுவன் எடுத்த கோட்டம் வேறிடத்தில் இருந்தது என்று கருதும் அறிஞரும் உண்டு என்பதும், எல்லைச் சிக்கலால் முறையான அகழாய்வும் மறுசீரமைப்பும் தடைப்பட்டு நிற்கின்றன என்பதும் அந்தப் படத்தில் இடம்பெற வேண்டும். அடையாளங்காணலுக்கான சான்றையும் அதற்கு எதிரான வாதத்தையும் சேர்த்துக் காட்டுவதால் கண்ணகியின் மீதுள்ள பற்று குறைந்துவிடாது. ஆண்டு முழுவதும் அடைபட்டிருக்கும் அந்தக் கோயிலின் ஒவ்வொரு தூணையும், சரிந்து கிடக்கும் ஒவ்வொரு கல்லையும், முப்பரிமாணப் பதிவாகச் சித்திரை முழுநிலவு தவிர்ந்த நாளில், உரிய அனுமதியோடு, கூட்டமில்லாமல் எடுத்து வைப்பது இரு மாநிலத் தொல்லியல் துறைகளும் சேர்ந்து செய்யத்தக்க பணி. சிதைவு ஆண்டுதோறும் கூடுகிறது. இன்று பதிவு செய்யாத கல் நாளை அதே இடத்தில் இருக்கும் என்று சொல்ல முடியாது.

லோயர் கேம்பில் காலத்தால் மிக அண்மைய அடுக்கும் பதிவை வேண்டி நிற்கிறது. 1887-இல் தொடங்கி 1895-இல் முடிந்த பெரியாற்று அணை, சுண்ணாம்பும் சுர்க்கியும், அதாவது சுட்ட செங்கல் பொடியும், கலந்த காரையால் கட்டப்பட்டது. மேற்கே ஓடும் ஆற்றை மலையைத் துளைத்துக் கிழக்கே திருப்பியது. தேக்கடிச் சுரங்கம், போர்பே அணை, இரைச்சல் பாலம், மின் நிலையத்துக்கு இறங்கும் குழாய்கள் ஆகிய யாவும் ஒரே நீர்வழியின் உறுப்புகள். ஆலை, அணை, இருப்புப்பாதை போன்ற அண்மைக்கால எச்சங்களை ஆராயும் பிரிவைத் தொழில்துறைத் தொல்லியல் என்பர். தமிழில் அதற்கு இன்னும் போதிய கவனம் இல்லை. பென்னிகுவிக் பிறந்தநாளான சனவரி 15 அன்று பள்ளத்தாக்கில் பொங்கல் வைத்து நன்றி சொல்கிறார்கள். அவர் தம் சொத்தை விற்று அணையைக் கட்டி முடித்தார் என்ற கதை ஆவணம் எதுவும் காட்டப்படாமலேயே மேடைதோறும் சொல்லப்படுகிறது. ஆனால் காய்ச்சலிலும் வெள்ளத்திலும் விபத்திலும் அந்தக் காட்டில் மாண்ட கூலித் தொழிலாளரின் பெயர்களை எந்தப் படமும் தேடிச் சென்றதாகத் தெரியவில்லை. திட்டப் பொறியாளர் மெக்கன்சி 1899-இல் எழுதிய பெரியாற்றுத் திட்ட வரலாறு அச்சில் உள்ளது. ஆவணக்காப்பகத்தில் கோப்புகள் உள்ளன. தாத்தாவின் தாத்தா அணை வேலைக்குப் போனதாகச் சொல்லும் குடும்பங்கள் கூடலூரிலும் கம்பத்திலும் இருக்கும். இந்த மூன்றையும் ஒரு படத்தில் சந்திக்க வைப்பதற்குப் பெருமுதல் தேவையில்லை. பொறுமையும் நேர்மையுமே தேவை.

இத்தகைய படங்கள் எடுக்கப்பட்டால், அவை சென்னையிலும் வெளிநாட்டு விழாக்களிலும் திரையிடப்படுவதற்கு முன்பாகக் கம்பத்திலும் புலிமான்கோம்பையிலும் திரையிடப்பட வேண்டும். கல் கிடைத்த ஊரில், கல்லைக் காட்டிய மனிதர்களின் முன், தமிழில், அவர்கள் குறுக்கிட்டுக் கேள்வி கேட்கும் வகையில் திரையிடுவதே பொதுமக்கள் தொல்லியல் என்ற சொல்லுக்குப் பொருள் சேர்க்கும். படத்தோடு கல்வெட்டின் மைப்படியும், இடத்தின் வரைபடமும், ஆய்வுக் கட்டுரையின் எளிய சுருக்கமும் அந்த ஊர்ப் பள்ளி நூலகத்தில் வைக்கப்பட்டால், படம் முடிந்த பின்னும் பேச்சு தொடரும். மாநிலத் தொல்லியல் துறை ஒவ்வோர் அகழாய்வுக்கும் அறிக்கை வெளியிடுவதைப் போல, ஒவ்வொரு களத்துக்கும் ஒரு மணி நேரப் படப்பதிவையும் கட்டாயமாக்கலாம். தோண்டிய குழி மூடப்படும், மண்ணடுக்கு மறுபடி திரும்பாது என்பதால், அந்தப் பதிவு பார்வையாளருக்கு மட்டுமல்ல, வருங்கால ஆய்வாளருக்கும் சான்றாகும்.

இன்று கம்பம் பள்ளத்தாக்கில் ஏறத்தாழ எல்லார் கையிலும் கேமரா இருக்கிறது. வயல் உழும்போதோ, வீட்டுக்குக் கடைக்கால் தோண்டும்போதோ, காட்டுப்பாதையிலோ எழுத்துள்ள கல்லையோ முதுமக்கள் தாழியையோ பழங்காசையோ காண்பவர்கள், அதை எடுக்காமலும் நகர்த்தாமலும், அது கிடக்கும் நிலையிலேயே, அருகில் ஓர் அளவுகோலையோ கைக்குட்டையையோ வைத்து, சுற்றுப்புறமும் தெரியும்படி படம் எடுத்து, நாளையும் இடத்தையும் குறித்து, கிராம நிர்வாக அலுவலரிடமோ தொல்லியல் துறையிடமோ தெரிவிக்க வேண்டும். மண்ணுக்குள்ளிருந்து கிடைக்கும் பத்து ரூபாய்க்கு மேல் மதிப்புள்ள பழம்பொருளை மாவட்ட ஆட்சியருக்குத் தெரிவிப்பது, 1878-ஆம் ஆண்டின் இந்தியப் புதையல் சட்டப்படி கண்டெடுத்தவரின் கடமையும் ஆகும்.